ஃபுஜி மலைக்கு வந்த சம்பந்தம்

ஜூன் 28, வெள்ளி

வயிற்றுப் புண் என்று டாக்டர் சொல்லிவிட்டார். எதைத் தின்றபோது குமட்டியது, எதைப் பார்த்தபோது குமட்டியது என்று தினமும் எழுதி வர வேண்டுமாம். ஜப்பானிய மொழியில் எழுதினால் வாங்கிப் படித்துவிடுவார். அதனால் தமிழில் எழுதுகிறேன். ஆசைப்பட்டால் கற்றுக்கொண்டு வரட்டும்.

இன்றைய குமட்டல்கள். காலையில் பக்கத்து வீட்டு மீன் புகை. மதியம் ஆய்வகத்தில் ஒரு புது வாசனை. நான் வேலை பார்ப்பது துணி சோப்புக் கம்பெனியில். மோந்து பார்த்துச் சொல்வதுதான் தொழில். "மழைக்குப் பின் தோட்டம்" என்று பெயர் வைத்துக் கொண்டுவந்தார்கள். மாற்றாமல் விட்ட பூச்சாடித் தண்ணீரின் வாடை. அதைச் சிரித்த முகத்தோடு சொல்ல வேண்டியிருந்தது தனிக் குமட்டல்.

மூன்றாவது, அம்மா. அம்மாவை இந்தப் பட்டியலில் சேர்க்கக் கூடாதுதான். ஆனால் கவாசாகியில் என் வீடு ஒரே அறை. அடுப்பு, கட்டில், துணி காயும் கம்பி எல்லாம் அதற்குள்ளேயே. ஊரில் கோபிசெட்டிபாளையத்திலிருந்து அம்மா வந்து மூன்று வாரம் ஆகிறது. மூன்று மாத விசா. அரசுப் பள்ளியில் பி.டி. டீச்சராக இருந்து போன வருடம் ஓய்வு பெற்றவள். ஓய்வு பெற்ற விஷயம் பள்ளிக்கு மட்டும்தான் தெரியும், அவளுக்கு இன்னும் தெரியாது. விடிந்தும் விடியாமல் என் கட்டிலுக்கும் ஃபிரிட்ஜுக்கும் நடுவே நின்று "ஒன், டூ, த்ரீ, ஃபோர்" என்று கை வீசுகிறாள்.

ஜூலை 3, புதன்

குளியலறையில் காலே வைக்க முடியவில்லை. அம்மோனியா. அம்மா தலைக்குச் சாயம் அடித்திருக்கிறாள். என் நினைவு தெரிந்து நரையை மறைக்காதவள். அப்பா தவறியபோது நான் ஆறாம் வகுப்பு. அந்த வருடமே முன்நெற்றி வெளுத்துவிட்டது, அப்படியே விட்டுவிட்டாள்.

"இப்ப எதுக்கும்மா இது?"

"வெள்ள முடி சீக்கிரம் அழுக்காவுது கண்ணு."

அழுக்காகிறதாம். பதில் சொல்லத் தெரியாவிட்டால் சும்மா இருக்கலாம்.

ஜூலை 7, ஞாயிறு

எதிர்பார்த்தது வந்தேவிட்டது. தோசை வார்த்துக்கொண்டே, முகத்தைக் கல்லின் பக்கம் வைத்துக்கொண்டு ஆரம்பித்தாள்.

"வினு, உன்கிட்ட ஒண்ணு பேசோணும்."

"கல்யாணப் பேச்சுன்னா வேண்டாம்."

"கல்யாணப் பேச்சுதான். ஆனா…"

"அம்மா, முப்பத்திரண்டு வயசுல இதுவரைக்கும் ஒம்போது பேரு முன்னாடி கேசரித் தட்டு தூக்கிட்டேன். போதும்."

"நான் சொல்லி முடிக்கவே இல்லையே."

"முடிக்க வேண்டாம்."

தோசை கருகியது. சாப்பிட்டு முடித்த பிறகு, பாத்திரம் கழுவியபடி மறுபடி மெதுவாகச் சொன்னாள். பேச்சுக் கிடக்கட்டுமாம். இருபதாம் தேதி ஃபுஜி மலைக்கு ஒரு நாள் போய்வரலாமாம். சின்ன வேன், ஏழெட்டுப் பேர்தான், வழிகாட்டி உண்டு. யோகோஹாமாவில் இருக்கும் ஓர் அப்பாவும் மகனும் வருகிறார்களாம். "ஜப்பான்ல புள்ளைங்க" என்று ஒரு வாட்ஸப் குழு, பிள்ளைகளைப் பார்க்க வரும் பெற்றோர்கள் விசாக் காகிதங்களைப் பற்றிப் பேசிக்கொள்வதற்கு. அதில் பழக்கம். அந்த அப்பாவும் அம்மாவும் ஊரிலிருந்து வந்ததும் ஒரே விமானத்தில்.

"நல்ல குடும்பம். நீ பாத்துட்டு உனக்குப் புடிக்குதான்னு மட்டும் சொல்லு. நீ வேண்டாமுன்னா நான் அந்தப் பேச்சையே எடுக்க மாட்டேன்."

"ஆடி மாசத்துலயா?" என்று கேட்டேன். ஆடியில் ஜாதகத்தைக் கையில் தொடக்கூட விடாதவள்.

"இதுக்கெல்லாம் ஆடி பாக்க வேண்டியதில்ல" என்றாள்.

அவ்வளவு அவசரம். பழைய சரக்கை எப்படியாவது தள்ளிவிட வேண்டுமே. வருவதாக ஒப்புக்கொண்டேன். வேண்டாம் என்று ஒரே ஒரு முறை சொன்னால் போதும் என்றால், அதை அந்த மலை மேல் போய்ச் சொல்லிவிட்டு வருகிறேன்.

ஜூலை 13, சனி

அம்மாவுக்கு ஷூ வாங்கப் போனோம். ஷூவோடு நிற்கவில்லை. ஒரு நீலக் குர்தா, கைப்பை, முகத்துக்குப் பவுடர். மல்லிகை என்று போட்டிருந்தான். மல்லிகை அதைக் கேட்டால் வழக்குப் போடும். கண்ணாடி முன்னால் நின்று, "இந்தக் கலரு வயசுக்கு மீறித் தெரியுதா?" என்று மூன்று தடவை கேட்டாள். பெண்ணின் அம்மா எடுப்பாக இருந்தால் பெண்ணுக்கு மதிப்புக் கூடும் என்று கணக்கு. எனக்கு ஒரு கைக்குட்டைகூட வாங்கச் சொல்லவில்லை.

ஜூலை 20, சனி

போய் வந்தாயிற்று. டாக்டருக்கு ஒரு வருடத்துக்குப் போதுமான குமட்டல்.

ஷின்ஜுகுவில் ஏறினோம். வழிகாட்டி மொரிதா என்ற அம்மாள், கையில் மஞ்சள் கொடி, வண்டிக்குள் எதுவும் சாப்பிடக் கூடாது என்று கும்பிட்டுக் கும்பிட்டுச் சொன்னார். சொல்லி முடிக்கவில்லை, முன் சீட்டில் பிளாஸ்டிக் பை சரசரத்தது. வேகவைத்த நிலக்கடலை. மாப்பிள்ளையின் அப்பா. பெயர் சதாசிவம், பொள்ளாச்சி, கரண்டு ஆபீசில் இருந்து ஓய்வு பெற்றவர், மனைவி தவறிப் பல வருடம். பெரிய உடம்பு, காதில் முடி, வாயில் எந்நேரமும் கிராம்பு. கிராம்பு வாசனையை ஆய்வகத்தில் ஒரு சொட்டு எடுத்து வைத்தாலே நான் ஜன்னலைத் திறப்பேன். இவர் திரும்பித் திரும்பிப் பேசுகிறார்.

"அம்மிணிக்குக் கடலை வேணுங்களா?"

"வேண்டாங்க."

அம்மா அவர் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள். "பெரியவங்க ஒண்ணா உக்காந்துக்கறோம், நீங்க பின்னால இருங்க" என்றாள். என்ன சாமர்த்தியம். ஆகவே மாப்பிள்ளை என் பக்கத்தில். நவீன்ராஜ். ஆள் பார்க்க மோசமில்லை என்பதையும் எழுதிவிடுகிறேன். நான் காதில் இயர்ஃபோனைச் செருகிக்கொண்டு கண்ணை மூடினேன். அவன் ஏதோ பேச வந்தான், விட்டுவிட்டான். மலைப்பாதை வளைவுகள் ஆரம்பித்ததும் பேசும் நிலையிலும் இல்லை. என் பக்கத்திலேயே, ஒரு காகிதப் பையில், காலையில் சாப்பிட்ட அத்தனையும். மொரிதா ஓடிவந்து அவன் முதுகைத் தடவி மன்னிப்புக் கேட்டார். வாந்தி எடுத்தவன் அவரிடம் மன்னிப்புக் கேட்டான். இரண்டு பேரும் மாறி மாறிக் குனிந்துகொண்டிருக்க, பை என் முழங்கால் பக்கம் ஆடிக்கொண்டிருந்தது.

வண்டி போகக்கூடிய கடைசி இடத்துக்கு ஐந்தாம் நிலையம் என்று பெயர். அங்கே இறங்கினால் ஃபுஜி மலை இல்லை. மூடுபனிதான் இருந்தது. பத்தடிக்கு அப்பால் கொடி மட்டும் மஞ்சளாகத் தெரிந்தது. மலை தெரியவில்லை என்றாலும் மலை போல ரொட்டி விற்கிறார்கள், மலை போல சோப்பு விற்கிறார்கள். வாடகைக் குதிரைகள் நிற்கின்றன. சாணி, ஈரத்தோல், அதன் மேல் பனி. கழிப்பறைக்குக் காசு வாங்குகிறார்கள். வாங்கியும் நாற்றம்.

அம்மாவைப் பார்க்க வேண்டுமே. புது ஷூவோடு கருங்கல் பாதையில் மாணவிகளை ஓட்டிப் போவது போல நடக்கிறாள். சதாசிவம் மூச்சு வாங்கிக்கொண்டு பின்னால். "மூக்குல இழுத்து வாயில விடுங்க. அவசரப்படாதீங்க" என்று கட்டளை. அவரும் ஐந்தாம் வகுப்புப் பிள்ளை போலச் செய்கிறார். ஒரு பெண்ணைப் பெற்றவள் சம்பந்தி வீட்டாரை இப்படியா மேய்ப்பாள்? அந்த மனிதருக்கும் ரோஷம் இல்லை. இளித்துக்கொண்டே மூச்சு விடுகிறார்.

நான் கழிப்பறை வரிசையில் நின்றபோது வெளியே "ஓ…" என்று சத்தம் கேட்டது. வந்து பார்த்தால் எல்லாரும் மேலே கையைக் காட்டிக்கொண்டு நிற்கிறார்கள். பனி விலகி உச்சி வரை தெரிந்ததாம். நான் வந்தபோது மூடிவிட்டது. அம்மாவும் சதாசிவமும் ஒரு பாறை ஓரம் நின்றிருந்தார்கள். அம்மாவின் கண் கலங்கியிருந்தது.

"பாத்தியா கண்ணு?"

"இல்ல."

"ஐயோ" என்றாள். மூட்டம் போட்ட வெறும் மலைக்கு இவ்வளவு அழுகையா என்று எரிச்சல்தான் வந்தது.

சாப்பாடு கீழே, கவாகுச்சி ஏரிக்கரையில். இரும்புச் சட்டியில் பட்டையான மாவு நாடா, பரங்கிக்காய், நொதித்த சோயாக் குழம்பு. கொதித்துக்கொண்டே வருகிறது, ஆறும்போது பசையாகிறது. அம்மாவும் நவீன்ராஜும் கடையில் ஏதோ வாங்க எழுந்து போனார்கள். சதாசிவம் கடலைத் தோலைக் கைக்குட்டையில் சேர்த்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டார்.

"அம்மிணி, தப்பா எடுத்துக்காதீங்க. எங்களப் பத்தி உங்க மனசுல என்ன படுதோ, அதச் சொல்லிருங்க. உங்கம்மா, நீங்க சொல்றதுதான் முடிவுன்னு சொல்லிட்டாங்க."

இதற்காகத்தானே வந்தேன். பிடிக்கவில்லை என்று சொன்னால் ஏன் என்பார்கள், ஜாதகம் என்பார்கள், பையன் தங்கம் என்பார்கள். திரும்பிப் பார்க்காமல் ஓடும்படி ஒன்றைச் சொல்ல வேண்டும். ஒரு வருடமாக யோசித்து வைத்திருந்தது, நாக்கில் தயாராக இருந்தது.

"எங்கம்மாவுக்கு நான் மட்டுந்தானுங்க. என்னைய விட்டுட்டு ஒரு நாள் இருக்க மாட்டாங்க. எந்தச் சம்பந்தம் வந்தாலும் சரி, அம்மா கடைசி வரைக்கும் என்கூடத்தான். நடுவுல யாரு வந்தாலும் அவங்களுக்குத் தொந்தரவுதான்."

கைக்குட்டையை முடிந்துகொண்டிருந்த கை நின்றது.

"அம்மாவே அப்படிச் சொன்னாங்களா?"

"தினமும் சொல்றாங்க."

கைக்குட்டை முடிச்சைச் சட்டைப் பைக்குள் வைத்தார். "சரிங்க அம்மிணி. இப்பவே சொன்னது நல்லதாப் போச்சு" என்றார். மாமியாரோடு சேர்த்துப் பெண்ணைக் கட்ட எவன் வருவான்? எனக்கு அப்போதுதான் பசித்தது. சட்டி முழுவதும் சாப்பிட்டேன், பரங்கிக்காய் உட்பட.

திரும்பும்போது முன் சீட்டில் பேச்சே இல்லை.

ஜூலை 21, ஞாயிறு

வயிறு நன்றாக இருக்கிறது. அம்மா உடற்பயிற்சி செய்யவில்லை.

ஜூலை 23, செவ்வாய்

அம்மா டிக்கெட்டை முன்கூட்டி மாற்ற முடியுமா என்று கேட்டாள். விசாவுக்கு இன்னும் நாள் இருக்கிறது. ஏன் என்றால், "இங்க எனக்கு என்ன வேல" என்கிறாள். பவுடர் டப்பா குப்பைப் பையில் கிடந்தது. இங்கே எரிவதைத் தனியாக, எரியாததைத் தனியாகப் போட வேண்டும்; அவள் எரியும் குப்பையில் போட்டிருந்தாள். எடுத்து, எரியாத குப்பையில் போட்டேன்.

ஜூலை 24, புதன்

மதிய இடைவேளையில் நவீன்ராஜ் அழைத்தான். என் நம்பரை எங்கே பிடித்தானோ. எடுத்த எடுப்பில் சண்டை.

"ஏனுங்க, எங்கப்பாவப் புடிக்கலைன்னா புடிக்கலைன்னே சொல்லியிருக்கலாமே. உங்கம்மா உங்கள விட்டு இருக்க மாட்டாங்கன்னு எதுக்குங்க அவருகிட்டச் சொன்னீங்க? மனுசன் நாலு நாளா சரியாச் சாப்புடறதில்ல."

"உங்கப்பாவ எனக்கு எதுக்குங்க புடிக்கணும்? வேண்டாமுன்னு சொன்னது உங்கள."

"என்னையவா?"

சண்டைக்கு வந்தவன் குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

"எனக்குக் கல்யாணம் ஆயிருச்சுங்க. சம்சாரம் பிரசவத்துக்கு ஊருக்குப் போயிருக்கா. வேன்ல அதச் சொல்ல வந்தேன், நீங்க தூங்கிட்டீங்க. உங்களுக்கு… உங்கம்மா ஒண்ணுமே சொல்லலீங்களா?"

ஃபோனை வைத்தபிறகு கழிப்பறைக்குப் போய்விட்டேன். சாப்பிட்டதெல்லாம் வந்துவிட்டது.

அறுபத்தொரு வயது. சாயமும் பவுடரும் நீலக் குர்தாவும் அந்த ஆளுக்காக. கடலை உரித்துக் கொடுத்துக்கொண்டு இரண்டு பேரும் முன் சீட்டில் உட்கார்ந்திருந்தது கண் முன்னால் நிற்கிறது. அம்மாவும் அந்தக் கிராம்பு வாயும். எழுதவே கூசுகிறது. அருவருப்பு என்ற சொல்லை இத்தனை நாள் மீனுக்கும் குதிரைக்கும் வீணாக்கிவிட்டேன்.

எனக்கு மாப்பிள்ளை பார்க்கவே இல்லை. அதுவும் உறுத்துகிறது. அதை எழுத வேண்டாம் என்று பார்த்தேன்.

ஜூலை 25, வியாழன்

பேசவில்லை. ஒரே அறையில் பேசாமல் இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று யாரும் சொல்லித் தரவில்லை. ரசம் வைத்திருந்தாள். சாப்பிட்டேன்.

ஜூலை 27, சனி

அம்மா கம்பியிலிருந்து துணிகளை எடுத்து மடித்துக்கொண்டிருந்தாள். தன் துணிகளைப் பெட்டிக்குள் வைத்தாள். நான்தான் ஆரம்பித்தேன், கத்தலாகத்தான் வந்தது.

"ஏம்மா, என்கிட்டச் சொல்லியிருக்கலாமில்ல?"

"சொல்ல வந்தேன். முடிக்க வேண்டாமுன்னுட்ட."

"இந்த வயசுல… உனக்கே அசிங்கமா இல்லியா?"

மடித்த சேலையை மடியில் வைத்துக்கொண்டாள். அவளுக்குக் கோபம் வரும் என்று நினைத்தேன். வரவில்லை.

"இருந்துச்சு. அதனாலதான் உன்னையக் கேட்டுட்டுச் செய்யலாமுன்னு இருந்தேன். நீ மொகஞ் சுளிச்சா விட்டர்றதுன்னு. விட்டாச்சு, அத்தோட முடிஞ்சுது."

"நான் அவரு பையனுக்குன்னு நெனச்சுத்தான்…"

"தெரியும். அந்தத் தம்பி எனக்கும் ஃபோன் பண்ணுச்சு."

பிறகு, ஒரு துண்டை எடுத்து உதறி மடித்தபடி சொன்னாள்.

"நீ இங்க வந்து ஒம்போது வருசம் ஆச்சு கண்ணு. ஒம்போது வருசமா அந்த வீட்டுல நான் மட்டுந்தான். டெங்கு வந்து கெடந்தப்ப பக்கத்து வீட்டுச் சரசக்காதான் கஞ்சி ஊத்துச்சு. உனக்குச் சொல்லல, நீ லீவு போட முடியாது. வாரத்துக்கு ரெண்டு ஃபோனு. அதும் நீ வண்டியில போறப்ப. நான் உன்னைய விட்டு ஒரு நாள் இருக்க மாட்டேன்னு அவருகிட்டச் சொன்னியாமா. அதக் கேட்டு எனக்கு அழுவ வரல. சிரிப்புத்தான் வந்துச்சு."

டெங்கு எனக்குத் தெரியாது.

குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். இந்த வீட்டில் தனியாக அழ வேறு இடம் கிடையாது. நான் சொன்ன பொய்யை நினைத்தால் குமட்டுகிறது. மீன், குதிரை, கிராம்பு எதுவும் இதற்கு அருகில் வராது.

ஜூலை 30, செவ்வாய்

வேலை முடிந்து யோகோஹாமா போனேன். நவீன்ராஜ் வழி சொன்னான். சதாசிவம் அவர்கள் கட்டடத்துக்குக் கீழே பூங்கா பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். அப்பா வயதுக்காரர் என் முன்னால் எழுந்து நிற்பது எனக்குப் பிடிக்கவில்லை.

"உக்காருங்க. நான் அன்னிக்குச் சொன்னது பொய்யிங்க. அம்மா அப்படிச் சொன்னதே இல்ல. தனியாத்தான் இருக்காங்க, என்னைய விட்டுட்டு நல்லாத்தான் இருக்காங்க. இருக்க முடியாதது…" என்று நிறுத்தினேன்.

அவர் முடிக்கச் சொல்லவில்லை. "இருந்தாலும் உங்களுக்கு எங்களப் புடிக்கலீங்களே அம்மிணி" என்றார்.

"புடிக்கலைதானுங்க. கிராம்பு வாடை எனக்கு ஆகாது. ஆனா பாக்க வர்றது என்னைய இல்லையே."

அவர் சட்டென்று வாயைக் கையால் பொத்திக்கொண்டார். "பல்லு வலிங்க. வந்ததுல இருந்தே. இங்க டாக்டருகிட்டப் போனா என்ன சொல்றதுன்னு தெரியல. பையன் வேலைக்குப் போயர்றான், அவன எதுக்குத் தொந்தரவு பண்றதுன்னு…"

எல்லாரும் யாரையோ தொந்தரவு பண்ணாமல் கிராம்பைக் கடித்துக்கொண்டு இருக்கிறார்கள். வியாழக்கிழமைக்குப் பல் டாக்டரிடம் பதிவு செய்துவிட்டு, "சனிக்கிழமை ஆடிப் பதினெட்டு. நல்ல நாள். எங்க வீட்டுக்குப் பொண்ணு பாக்க வாங்க" என்றேன். என் வாயால் அதைச் சொன்னேன்.

ஆகஸ்ட் 3, சனி

கேசரி கிளறினேன். வாழைக்காய் கிடைக்கவில்லை, கத்தரிக்காய் பஜ்ஜி. ஒரே அறை முழுக்க எண்ணெய்ப் புகை. காயும் துணியெல்லாம் பஜ்ஜி வாடை. அம்மா காலையில் இருந்து எதிர்ப்பு.

"வேண்டாம் வினு. சிரிப்பாங்க."

"யாரு சிரிக்கறது? வர்றதே ரெண்டு பேரு."

நீலக் குர்தாவைப் பெட்டியில் இருந்து நான்தான் எடுத்துத் தேய்த்துக் கொடுத்தேன். தட்டு மட்டும் தூக்க மாட்டேன் என்றுவிட்டாள். "நான் என்ன சின்னப் புள்ளயா? வேணுங்கறவங்க எடுத்துத் தின்னட்டும்." அவர்கள் வந்தார்கள். உட்கார நாற்காலி போதவில்லை, மாப்பிள்ளை என் கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். கிராம்பு வாடை இல்லை, பல்லை எடுத்துவிட்டார்கள், ஒரு கன்னம் வீங்கியிருந்தது. கேசரியை மறு கன்னத்தில் ஒதுக்கிச் சாப்பிட்டார், சத்தத்தோடு. நான் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டேன்.

அம்மா வாசலில் கழற்றிவைத்த தன் ஷூவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இந்த இடத்தில் பெண் வீட்டில் பெரியவர் ஒருவர் சொல்ல வேண்டிய வசனம் ஒன்று உண்டு. அறையில் பெண் வீட்டுப் பெரியவர் நான்தான்.

"அவங்க ரெண்டு பேரும் தனியாப் பேசட்டும்" என்றேன்.

தனியாகப் பேச இன்னோர் அறை இல்லை. அதனால் நானும் நவீன்ராஜும் செருப்பைப் போட்டுக்கொண்டு வெளியே வந்தோம். கதவைச் சாத்தினேன். வெளி நடையில் வெயில் நெருப்பாக அடித்தது. குப்பை நாளுக்குக் காத்திருக்கும் பைகள் வரிசையாக வாடை வீசின.

நவீன்ராஜ் சட்டைக் காலரை உதறிக்கொண்டிருந்தான். "ரொம்ப நேரமாச்சுங்க. உள்ள போலாங்களா? வேர்த்து ஊத்துது" என்றான்.

என் கை கதவுப் பிடிக்குப் போய்விட்டது. என் வீடுதானே. உள்ளே அம்மா பேசிக்கொண்டிருந்தாள். என்ன பேசுகிறாள் என்று புரியவில்லை, ஆனால் நிறுத்தவே இல்லை. என்னிடம் "சாப்டியா, தூங்குனியா, வெச்சரட்டுமா" என்பதற்கு மேல் போகாதவள். இவ்வளவு பேச அவளிடம் இருந்தது எனக்குத் தெரியாது.

"இருங்க. அவங்க பேசி முடிக்கட்டும்" என்றேன். இரண்டு பேரும் மாடிப்படியில் போய் உட்கார்ந்தோம்.